அண்ணி வந்தால் அடங்கும் மிஷின்

சந்திரகலா உள்ளே போனால் அந்த மிஷின் கத்தும். அவள் அண்ணி என்று கூப்பிடும் நாத்தனார் பூங்காவனம் உள்ளே போனால் வாயை மூடிக்கொண்டு சமர்த்தாக இருக்கும். ஒரு நாள் என்றால் ஏதோ தற்செயல் என்று விட்டுவிடலாம். திருவள்ளூரில் அந்த ஆஸ்பத்திரிக்கு வந்ததிலிருந்தே இப்படித்தான் என்றால், கட்டினவளுக்கு வயிறு எரியுமா எரியாதா, நீங்களே சொல்லுங்கள்.

அவள் புருஷன் பூவராகவனுக்குக் கவரைப்பேட்டை பக்கம் ஊர். கொஞ்சம் நெல் நிலம் உண்டு. கும்மிடிப்பூண்டியில் கம்பி உருட்டும் மில்லில் வேலையும் உண்டு. சளி, காய்ச்சல் என்று ஆரம்பித்தது நெஞ்சுக்குள் இறங்கி நிமோனியா ஆகிவிட்டது. மூச்சுக்குத் தவித்தவனைக் கொண்டுவந்து சேர்த்ததும், வாய்வழியாகத் தொண்டைக்குள் ஒரு குழாயை இறக்கி வென்டிலேட்டர் மிஷினோடு மாட்டிவிட்டார்கள். குழாயைப் பிடுங்கிவிடக் கூடாதென்று இரண்டு கையையும் மெத்தென்ற துணியால் கட்டிலோடு கட்டியிருந்தார்கள்.

"இது மருந்து இல்லமா. மருந்து கையில ஏறுது," என்று நர்ஸ் ரம்யா முதல் நாளே சொல்லிவிட்டாள். "அவரு நெஞ்சு செய்யற வேலைய இது வாங்கி செய்யுது, அவ்ளோதான். ஆக்சிஜன் கலந்து காத்த உள்ள தள்ளும். வெளிய அது தானா வந்துடும். நுரையீரல் தேறி வர்ற வரைக்கும் இது தாங்கும்."

"அப்ப ஏன் கத்துது?"

"இருமுனா கத்தும். அவரு ஒரு பக்கம் இழுத்து இது ஒரு பக்கம் தள்ளுனாலும் கத்தும். ரெண்டு பேரும் ஒத்துப்போனா கம்முனு இருக்கும்."

ரெண்டு பேரும் ஒத்துப்போனால். அவனையும் மிஷினையும்தான் அந்தப் பெண் சொன்னாள். சந்திரகலாவுக்கோ அது வேறெங்கோ போய்த் தைத்தது.

அந்தத் தீவிர சிகிச்சை அறைக்குள் போக ஒரே ஒரு பாஸ். அதுவும் ஒருவர் வெளியே வந்தால்தான் இன்னொருவர் போகலாம். பூங்காவனத்துக்கு வீடு பக்கத்திலேயே, மணவாள நகரில். தினமும் காலையில் தூக்குப் பாத்திரத்தோடு வந்துவிடுவாள். "நாஷ்டா துண்ணு," என்று பாத்திரத்தை இவள் கையில் திணித்துவிட்டு, பாஸை வாங்கிக்கொண்டு போய்விடுவாள். அந்த இட்லியும் வடகறியும் நன்றாக வேறு இருந்து தொலைத்தன. அதுதான் இன்னும் எரிச்சல்.

தின்றபடியே எழுந்துபோய்க் கதவிலிருந்த வட்டக் கண்ணாடி வழியாகப் பார்ப்பாள். பூங்காவனம் அவன் தலைமாட்டில் நின்று, "நைனா, அக்கா வந்துகீறேன். கழனிக்குத் தண்ணி கட்டியாச்சு. நீ மெதுவா இழு, மெதுவா வுடு," என்று சொல்வது கதவிடுக்கு வழியாகக் கேட்கும். மிஷின் திரையில் பச்சைக் கோடு ஒரே சீராக ஏறி இறங்கும்.

இவள் முறை வரும். கையைத் தொடுவாள். "யோவ், என்ன பாருயா," என்பாள். அதற்கு மேல் அழுகைதான். அவன் கண்ணைத் திறப்பான், இருமுவான், கோடு கோணலாகும், மிஷின் கத்தும். ரம்யா ஓடிவந்து, "கொஞ்சம் வெளிய இருங்கமா," என்பாள்.

வெளியே பூங்காவனம் தயாராக இருப்பாள். "நீ போயி அழுதா அவன் எப்டிமா மூச்சு வுடுவான்? சின்னதுல இழுப்பு வந்தா நான்தான் மடியில போட்டுக்குனு தடவுவேன். எங்கிட்டதான் அடங்குவான்."

அம்மா இல்லாத பிள்ளையை வளர்த்தவள். சொல்வதற்குப் பாத்தியதை உண்டுதான். ஆனாலும் அந்த 'எங்கிட்டதான்' என்பதை விழுங்க முடியவில்லை.

ஒரு நாள் டாக்டர் கூப்பிட்டுப் பேசினார். "நெஞ்சு நல்லா தெளிஞ்சிருக்கு. நாளைக்குக் காலையில மிஷினோட உதவிய கொறச்சுப் பாக்கலாம். அவரா இழுத்துத் தாங்குனாருன்னா குழாய எடுத்துடலாம். தாங்கலன்னா கழுத்துல சின்னதா துளை போட்டு அங்க குழாய் வெக்கற மாதிரி ஆகும். வாய்லயே ரொம்ப நாள் வெக்கக் கூடாது."

கழுத்தில் துளை என்றதும் அவள் தன் தொண்டைக்குழியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். டாக்டர் போனபின் ரம்யா சொன்னாள்: "பயந்தா மூச்சு தாறுமாறா ஓடும்மா. பக்கத்துல ஒருத்தர் நிக்கலாம். அவரு அக்காவ நிக்க சொல்லுங்களேன். அவங்க வந்தா அமைதியா இருக்காரு."

தலையை ஆட்டினாள். ஆட்டிவிட்டு நேரே மாடிப்படி ஓரம் போய்ப் போனை எடுத்தாள்.

"அண்ணி, நாளைக்கு காலைல நாஷ்டா வாணாம். டாக்டரு சாய்ங்காலம்தான் வராராம். நீங்க மெதுவா வாங்க."

"காலைல அவன யாரு பாத்துக்குவா?"

"நான் எதுக்கு கீறேன் அண்ணி?"

பெரிய பொய்யொன்றுமில்லை என்று தன்னையே சமாதானம் செய்துகொண்டாள். குழாய் வெளியே வரும்போது அவன் முதலில் பார்க்கிற முகம் தன் முகமாக இருக்க வேண்டும். கேட்டது அவ்வளவுதானே.

காலையில் முகம் கழுவி, பொட்டு வைத்து, அழக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு போய் நின்றாள். டாக்டர் மிஷினில் எதையோ திருகினார். தூக்க மருந்தை முன்பே குறைத்திருந்ததால் பூவராகவன் நன்றாக விழித்திருந்தான். அவளைப் பார்த்தான். பிறகு அவளைத் தாண்டி வாசலைப் பார்த்தான். மறுபடி அவளைப் பார்த்தான். உதடு குழாயைச் சுற்றி அசைந்தது.

"பேச முடியாதுண்ணா. குரல் வர்ற எடத்துலதான் குழாய் இருக்கு," என்ற ரம்யா, "கை காட்டுங்க, நான் பாத்துக்குறேன்," என்று வலக்கைக் கட்டை அவிழ்த்துவிட்டாள்.

அவன் ஆள்காட்டி விரலை உயர்த்தி இடது மூக்கில் இரண்டு தட்டுத் தட்டினான்.

"மூக்கு டியூப் அரிக்குதா?" ரம்யா சாப்பாட்டுக் குழாயின் பிளாஸ்திரியைத் தளர்த்தி ஒட்டினாள். அவன் இல்லையென்று தலையை ஆட்டிவிட்டு மறுபடி தட்டினான்.

அது அரிப்பில்லை என்று அந்த அறையில் ஒருத்திக்குத் தெரியும்.

கம்பி மில்லில் வாய்ப்பேச்சு எடுபடாது, அவ்வளவு இரைச்சல். எல்லாம் கை ஜாடைதான். இரண்டு விரல் காட்டினால் டீ, உள்ளங்கையைக் கவிழ்த்தால் நிறுத்து. அந்தப் பழக்கத்தை அவன் வீட்டுக்கும் கொண்டுவந்திருந்தான். பூங்காவனத்துக்கு இடது மூக்கில் பெரிய சிவப்புக்கல் மூக்குத்தி. அவள் தெருமுனையில் திரும்பினாலே இவன் வாசலிலிருந்து மூக்கைத் தட்டுவான். உள்ளே இவள் டிவியை அணைத்துவிட்டு ஓடிப்போய் விளக்குமாற்றைக் கையில் எடுப்பாள். அப்புறம் இரண்டு பேரும் சிரிப்பை அடக்க முடியாமல் திண்டாடுவார்கள். புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் மட்டுமே சொந்தமான கேலி அது. பூங்காவனத்துக்கே தெரியாது.

இப்போது அவன் அதே ஜாடையில் அக்கா எங்கே என்று கேட்கிறான். இவளிடமே கேட்கிறான்.

சந்திரகலா வாயைத் திறக்கவில்லை. நான் இங்கே மலைபோல் நிற்கிறேனே, இன்னும் யார் வேண்டும் உனக்கு? அரிப்பு என்றே இருந்துவிட்டுப் போகட்டும். நெஞ்சு அப்படித்தான் சொல்லிற்று. பொல்லாதவள் என்று அவளை நினைத்துவிடாதீர்கள் கண்ணுகளே. அந்த இடத்தில் நின்றவர்களுக்குத்தான் அது தெரியும்.

அவன் மூக்கைத் தட்டிக்கொண்டே இருந்தான். மூச்சு குட்டி குட்டியாக ஓட ஆரம்பித்தது. நெற்றி வேர்த்தது. கோடு முள்முள்ளாக எகிற, மிஷின் கத்தத் தொடங்கிற்று.

"பயப்படறாரு," என்றார் டாக்டர். "தாங்கல போலிருக்கே."

கழுத்தில் துளை. அவன் தொண்டைக்குழி ஏறி இறங்குவதைப் பார்த்தாள்.

"அரிப்பு இல்ல சிஸ்டர்," என்றாள். குரல் அவளுடையது போலவே இல்லை. "அவங்க அக்காவ கேக்கறாரு."

டாக்டர் மிஷினின் உதவியைப் பழையபடி ஏற்றினார். கோடு மெல்ல அடங்கியது. "ஓய்வெடுக்கட்டும். நாளைக்கு அவங்கள வெச்சுக்கிட்டு பாக்கலாம்," என்று சொல்லிவிட்டுப் போனார்.

போன் செய்ததும் பூங்காவனம் ஆட்டோ பிடித்து வந்து இறங்கினாள். சீப்புகூடப் படாத தலை.

"சாய்ங்காலம்னியே. டாக்டரு மாத்திட்டாரா?"

"இல்ல அண்ணி. நான்தான் மாத்தி சொன்னேன்."

"இன்னாத்துக்கு?"

"உங்கள கண்டா அடங்கறாரு. என்ன கண்டா மூச்சு எகிறுது. எனக்கு மனசு தாங்கல."

பூங்காவனம் அவளை ஏற இறங்கப் பார்த்தாள். கத்தப் போகிறாள் என்றுதான் இவள் நினைத்தாள்.

"கல்யாணம் ஆன புதுசுல அவன் சட்டையெல்லாம் நீ எடுத்து தோச்சி போட்டப்ப எனக்கு எப்டி இருந்துச்சுன்ற? ஒரு மாசம் எனக்கு சோறு எறங்கல. போடி, அந்தாண்ட. பாஸ குடு."

சந்திரகலா கொடுத்தாள்.

மறுநாள் அவள் வட்டக் கண்ணாடிக்கு வெளியே நின்றாள். உள்ளே டாக்டர் மிஷினைத் திருகினார். பூங்காவனம் குனிந்து அவன் காதில் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள். என்னவென்று இங்கே கேட்கவில்லை. கோடு முன்பைவிடச் சின்னதாயிற்று. ஆனாலும் ஏறியது, இறங்கியது, நிற்கவில்லை. அவன் இழுக்கும்போது இவளும் இழுத்தாள், விடும்போது இவளும் விட்டாள். தலை சுற்றிச் சுவரைப் பிடித்துக்கொண்டாள். மிஷின் ஒருமுறைகூடக் கத்தவில்லை. அதற்காக வேண்டிக்கொண்டவளும் அவள்தான். அது கத்தாதபோது உள்ளுக்குள் கரித்ததும் அவளுக்குத்தான்.

டாக்டர் தலையசைத்தார். ரம்யா தொண்டைச் சளியை உறிஞ்சி எடுத்து, நன்றாக இருமச் சொல்லி, அந்த இருமலோடு குழாயை உருவினாள். முகத்தில் ஆக்சிஜன் மாஸ்க்கை வைத்தாள்.

பூங்காவனம் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்தாள்.

"உங்க தம்பி இன்னா சொன்னாரு அண்ணி?"

"அது எங்களுக்குள்ள," என்றாள் அவள். "போ, உன் டைம் இது. நான் டீ குட்சிட்டு வரேன்."

சந்திரகலா போனாள். அவன் நெற்றியில் அதற்குள் பூங்காவனம் வைத்த திருநீறு. அதைத் துடைக்கவா வேண்டாமா என்று ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு, கையை அவன் நெஞ்சில் வைத்தாள். யாரும் தள்ளாமல் அது தானே ஏறியது, தானே தாழ்ந்தது. கை போட்ட கனத்தில் அவன் கண்ணைத் திறந்தான். மாஸ்க்குக்குள்ளிருந்து, கம்பியைத் தரையில் இழுத்தாற்போல் ஒரு குரல் வந்தது.

"அக்கா எங்க?"

"டீக்கடைல," என்றாள் சந்திரகலா. "வருவாங்க. இப்ப நான் இருக்கேன். பேசாம மூச்ச வுடுயா."