மாப்பிள்ளை முட்டை

ஏழாவது முட்டையும் ஒழுங்காக உரிபடவில்லை. ஓட்டோடு சேர்ந்து வெள்ளைக்கருவும் பிய்ந்து வந்தது. மாப்பிள்ளைக்கு அதில் வருத்தம் ஒன்றுமில்லை. பிய்ந்ததை ஒரு கிண்ணத்தில் தனியாகப் போட்டுவிட்டு, தண்ணீரிலிருந்து எட்டாவதை எடுத்து, சமையல் மேடையில் மெல்லத் தட்டி, நகத்தால் சுரண்ட ஆரம்பித்தான்.

அவனுக்கு முட்டை உரிக்கத் தெரியாது என்று யாரும் சொல்லிவிட முடியாது. இருபது வருடமாகச் சமையல்தான் பிழைப்பு. ஒரு வாரம் கிடந்த முட்டைதான் வழுக்கிக்கொண்டு உரியும், புது முட்டை ஓட்டை விடாமல் பிடித்துக்கொள்ளும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வான். ஃப்ரிட்ஜில் பத்து நாள் முட்டை ஒரு டஜன் இருந்தது. அதைத் தொடவில்லை. காலையில் கடைக்குப் போய், அன்றைக்கு வந்த முட்டையாகக் கேட்டு வாங்கிவந்து வேகவைத்திருந்தான். நேரமாகட்டும் என்றுதான்.

அடுத்த அறையில் மாமனார் படுத்திருந்தார். டாக்டர் நேற்று மாலையே கையை விரித்துவிட்டார். "இனிமே பத்தியம்லாம் வேண்டாம். கேக்கறதக் குடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். காலையில் கண் விழித்ததும் அவர் கேட்டது முட்டையை.

"இன்னைக்கு ஞாயித்துக்கிழமதானே? மாப்பிள்ளைய முட்டை பண்ணச் சொல்லு. அவருகிட்ட ஒரு வார்த்தை பேசணும்."

அந்த ஒரு வார்த்தை என்னவென்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும். மறுநாள் அவன் வேறு ஊரில் வேலைக்குச் சேர வேண்டும். புதிதாகத் திறந்திருக்கும் ஹோட்டலில் தலைமைச் சமையல்காரர் வேலை. மாமனார் படுத்த படுக்கையானதால் இரண்டு முறை தள்ளிப்போட்டாயிற்று. மூன்றாவது முறை கேட்டால் வேறு ஆள் பார்த்துக்கொள்வதாக முதலாளி சொல்லிவிட்டார். அங்கே இரண்டு அறையும் சமையலறையுமாக ஒரு வீடும் பேசி வைத்திருந்தார்கள். பார்க்கப் போன அன்று மனைவி எம்பி நின்று ஜன்னலைச் சாண் போட்டு அளந்தாள். திரும்பி வரும் வழியெல்லாம் திரைச்சீலை நிறத்தைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தாள். அவனைவிட அவளுக்குத்தான் ஆசை அதிகம்.

கல்யாணமான புதிதில், "நல்ல வீடு அமையற வரைக்கும் ரெண்டு மாசம் இங்கயே இருங்களேன்" என்று மாமனார் சொன்னார். அந்த இரண்டு மாதத்துக்கு இப்போது ஒன்பது வயது. வேலை பார்க்கும் இடத்தில் அவன் மாஸ்டர். தெருமுனை திரும்பிவிட்டால் மாப்பிள்ளை. பால்காரர் முதல் மின்சாரக் கணக்கு எடுக்க வருகிறவர் வரை அத்தனை பேருக்கும் மாப்பிள்ளை. யாராவது சொந்தப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் அவனே ஒரு நிமிடம் பின்னால் திரும்பிப் பார்ப்பான்.

மாமனார் கெட்டவராக இருந்திருந்தால் எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும். ஒருநாள் முகம் சுளித்திருந்தால் மறுநாளே பெட்டியைக் கட்டியிருப்பான். அவரோ அவனுக்குக் காய்ச்சல் வந்தால் தாமே வெந்நீர் வைத்துக் கொண்டுவந்து கொடுத்தவர். வருகிறவர்கள் மகனை எங்கே என்று கேட்டால், "அவன் வெளிநாட்டுல இருக்கான். என் மூத்தவரு இதோ இருக்காரே" என்று இவனைக் காட்டுவார். இவன் அசடு வழிய நிற்பான். இப்படிப்பட்ட மனிதரிடம் உங்கள் வீட்டில் எனக்கு மூச்சு முட்டுகிறது என்று எந்த வாயால் சொல்வது?

சொல்ல முயற்சி செய்யாமலும் இல்லை. மூன்று முறை சொன்னான். மூன்றும் ஞாயிற்றுக்கிழமைகள். அந்த வீட்டில் எந்தப் பேச்சானாலும் ஞாயிற்றுக்கிழமை முட்டைத் தட்டு வந்த பிறகுதான். கல்யாணத்துக்கு முன்னால் வேலை பார்த்த கிளப்பில் அவன் கற்றுக்கொண்ட பதார்த்தம் அது. அங்கே அதற்கு டெவில்ட் எக் என்று பெயர். சாத்தான் பெயரில் ஒன்றும் வீட்டுக்குள் வேண்டாம் என்று மாமியார் மறுத்ததால் மாப்பிள்ளை முட்டை ஆனது. சாத்தானுக்குப் பதில் மாப்பிள்ளை, பொருத்தம்தான் என்று மச்சினன் சிரித்தான். மாமனார் முதல் முட்டையை எடுத்து, கண்ணை மூடி மென்று, விழுங்கி, வாயைத் துடைத்துக்கொண்டு, "ம், சொல்லுங்க" என்பார். அதற்கு முன்னால் கூரையே இடிந்து விழுந்தாலும் பேசமாட்டார். மகனின் படிப்பு, வெளிநாட்டுப் பயணம், வீட்டுக்கு வெள்ளையடிப்பது எல்லாம் அந்தத் தட்டைச் சுற்றி முடிவானவைதான்.

முதல் முறை இவன் தனிக்குடித்தனம் என்று ஆரம்பித்தபோது, "தாராளமாப் போங்க. இந்த மழை முடியட்டும்" என்றார். இரண்டாவது முறை, "மாடி வேலை முடியட்டும்." மூன்றாவது முறை இன்னொரு முட்டையை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, "மயோனைஸ் இன்னைக்கு அமிர்தமா வந்திருக்கு" என்றார். பேச்சு அதோடு முடிந்துபோனது.

இன்றைக்கு அவர் மழையென்றும் மாடியென்றும் சுற்றி வளைக்கமாட்டார். இருந்துவிடுங்கள் என்று நேராகக் கேட்பார். உயிர் போகிற நேரத்தில் கேட்பவரிடம் முடியாது என்று சொல்ல முடியாது. சரி என்று சொல்லிவிட்டால் பிறகு போகவும் முடியாது. தப்பிக்க ஒரே வழி, கேட்கும்போது எதிரே இல்லாமல் இருப்பது. தட்டு போகாதவரை அவர் வாயைத் திறக்கமாட்டார் என்று அவன் கணக்குப் போட்டிருந்தான். தட்டு அவன் கையில்தானே இருக்கிறது?

மாமியார் சமையலறை வாசலில் வந்து நின்றார். "மாப்பிள்ளை, அவரு உங்களக் கேக்கறாரு."

"இதோ ஆச்சு அத்தை. உரிச்சுட்டே இருக்கேன்."

மாமியார் சிதைந்த முட்டைகளைப் பார்த்தார். ஒன்பது வருடத்தில் இப்படி ஒரு கோரத்தை அவர் பார்த்ததில்லை. "உங்களுக்கும் மனசு சரியில்ல, பாவம்" என்று சொல்லிவிட்டுப் போனார். அவன் காது சூடானது.

உரித்தவற்றை நீளவாக்கில் இரண்டாக நறுக்கினான். ஒவ்வொரு நறுக்குக்கும் கத்தியைத் துடைத்தான். மஞ்சள் கருவைப் பூப்போல எடுத்து, சல்லடையில் வைத்துக் கரண்டியின் முதுகால் தேய்த்தான். வழக்கமாக முள்கரண்டியால் இரண்டு மசி மசித்தால் முடிகிற வேலை. ஃப்ரிட்ஜில் மயோனைஸ் பாட்டில் முக்கால்வாசி இருந்தது. அதையும் விட்டுவிட்டு, பச்சை முட்டை ஒன்றை உடைத்து, கருவைத் தனியே எடுத்து, எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டு அடிக்கத் தொடங்கினான்.

எண்ணெய் பாதி போயிருக்கும்போது மனைவி வந்தாள். முந்தைய நாள் கட்டிய புடவையே உடம்பில் கசங்கிக் கிடந்தது.

"என்னங்க, கொஞ்சம் வந்துட்டுப் போங்களேன்."

"கைய எடுத்தா திரிஞ்சுபோயிடும்."

"திரிஞ்சா போகட்டும்."

"அவரு ஆசையாக் கேட்டது. நல்லா இருக்க வேணாமா?"

அவள் அவன் கையையும் கிண்ணத்தையும் பார்த்தாள். அவளும் சமையல்காரன் பெண்டாட்டி. ஒன்பது வருடம் பக்கத்தில் நின்று பார்த்தவள். ஃப்ரிட்ஜைத் திறந்து பாட்டிலைப் பார்த்தாள். பழைய முட்டைகளையும் பார்த்தாள். சத்தமில்லாமல் மூடினாள்.

"அப்பாவுக்கு மூச்சு ஒரு மாதிரி இழுக்குது" என்றாள்.

"டாக்டருக்குப் போன் பண்ணிட்டியா?"

"பண்ணிட்டேன். தம்பிக்கும் பண்ணிட்டேன். லைன்ல இருக்கான்."

"நீ பக்கத்துல இரு. அஞ்சே நிமிஷம்."

அவள் போய்விட்டாள். அவன் எண்ணெய்ச் சொட்டைத் தொடர்ந்தான். தான் எதற்காகக் காத்துக்கொண்டிருக்கிறோம் என்பது அவனுக்கு அப்போது பட்டென்று விளங்கியது. விளங்கியபோது வெட்கமாக இருந்தது. வெந்நீர் தூக்கிக்கொண்டு வந்த மனிதர். அடுப்பு அணைந்துதான் இருந்தது. ஆனாலும் கழுத்தெல்லாம் வியர்த்தது. ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொள்ளலாம் என்று ஒரு கால் முன்னால் போனது. போனால் மாட்டிக்கொள்வாய் என்று இன்னொரு கால் நின்றது. அவன் ஜன்னலைத் திறந்துவிட்டு, திரும்பவும் கிண்ணத்தைக் கையில் எடுத்தான்.

கடுகு விழுது ஒரு கரண்டி, வினிகர் நாலு சொட்டு, மிளகுத்தூள், நோயாளிக்கு என்று அரை உப்பு. தேய்த்த கருவோடு எல்லாவற்றையும் கலந்து, பிளாஸ்டிக் பையில் நிரப்பி, மூலையை நறுக்கி, வெள்ளைக்கருக் குழிகளில் சுற்றிச் சுற்றிப் பிழிந்தான். உருப்படியாகத் தேறியது பத்துப் பாதிகள். மேலே மிளகாய்த்தூளை இரண்டு விரலால் தூவினான். பத்தாவது பாதியில் தூவும்போதுதான், வெகுநேரமாக யாரும் தன்னைக் கூப்பிட வரவில்லை என்பது உறைத்தது.

தட்டை எடுத்துக்கொண்டு அறைக்குப் போனான். மாமியார் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து கணவரின் பாதத்தைப் பிடித்துக்கொண்டிருந்தார். மனைவி தலைமாட்டில் நின்றாள். போர்வையின் மேல் போன் கிடந்தது. மாமனாரின் வாய் லேசாகத் திறந்திருந்தது. முகத்தில் எந்தக் கேள்வியும் இல்லை.

அவன் நினைத்திருந்ததைவிட அதிகமாக, வெட்கப்படும் அளவுக்கு அதிகமாக, அழுகை வந்தது. அதற்கு அடியில் இன்னொன்றும் இருந்தது. அவர் கேட்கவில்லை. தானும் சொல்லவில்லை. அந்த நினைப்பை அவன் எவ்வளவு வேகமாக உதறியும் அது போகவில்லை.

"நிம்மதியாப் போயிட்டாரு மாப்பிள்ளை" என்றார் மாமியார். "உங்க வாக்கக் கேட்டுட்டுத்தான் கண்ண மூடினாரு."

"என் வாக்கா?"

மனைவி தலையைத் தூக்கவில்லை.

"இவ சொன்னாளே. நீங்க எங்கயும் போகல, வேலை வேண்டாம்னு எழுதிக் குடுத்துட்டீங்கன்னு. அதக் கேட்டதும் என் கைய ஒரு அழுத்து அழுத்தினாரு. அவ்வளவுதான்."

போர்வையிலிருந்து மச்சினனின் குரல் வந்தது. அழுது மூக்கடைத்த குரல். "அத்தான், நானும் கேட்டுட்டுத்தான் இருந்தேன். நீங்க அம்மாகூட இருக்கீங்க, அது போதும் எனக்கு. இந்த உபகாரத்த மறக்கமாட்டேன் அத்தான்."

அவன் தட்டோடு நின்றான். அதை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. மருந்து மேசையில் இடமில்லை. கட்டிலில் வைக்க முடியாது. கடைசியில் வந்த வழியே திரும்பச் சமையலறைக்கு எடுத்துப் போனான்.

சிறிது நேரம் கழித்து மனைவி வந்து கதவுக்குப் பக்கத்தில் சுவரில் சாய்ந்தாள்.

"நாலு தடவ கேட்டாரு" என்றாள். "மாப்பிள்ளை போயிடுவாரா, மாப்பிள்ளை போயிடுவாரான்னு. வாசலையே பாத்துட்டிருந்தாரு."

"தட்டு வராமப் பேசமாட்டாருன்னு நெனச்சேன்."

"நானும் அப்படித்தான் நெனச்சேன். ஃப்ரிட்ஜத் திறந்து பாத்தப்பவே புரிஞ்சுது. சரி, இப்படியே போயிடட்டும்னு நானும்தான் நெனச்சேன். பெத்த அப்பா." அவள் முகத்தைப் புடவையால் அழுத்தித் துடைத்தாள். "பக்கத்துல நின்னுட்டு என்னால முடியலங்க. நீங்க உள்ள வராம இருந்தீங்க. என்னால வெளிய போக முடியல."

அவனுக்குக் கோபம் வந்தது. யார்மேல் என்று தேடிப் பார்த்தான். இறந்தவர்மேல் முடியவில்லை. இவள்மேலும் முடியவில்லை. தான் போயிருந்தால் ஒருவேளை வாயைக் கட்டிக்கொண்டு நின்றிருக்கலாம். தலையை எந்தப் பக்கமும் ஆட்டாமல் கையை மட்டும் பிடித்திருக்கலாம். அதற்குக்கூட ஆள் அங்கே இருந்திருக்க வேண்டும்.

அவன் தன் போனை எடுத்து ஹோட்டலுக்கு அழைத்தான். மறுமுனையில் முதலாளி உற்சாகமாக இருந்தார். "சொல்லுங்க மாஸ்டர், காலைல எத்தன மணிக்கு வர்றீங்க?"

"வரல சார். மாமனார் தவறிட்டாரு."

"அடடா. சரி மாஸ்டர், காரியம்லாம் முடியட்டும். ஒரு வாரம் பொறுத்துக்கறேன். இதுக்குக்கூட ஒத்துக்கலன்னா நான் மனுஷனா?"

அவன் மனைவியைப் பார்த்தான். முதலாளியின் குரல் அவளுக்கும் கேட்டிருந்தது. உள்ளே மாமியார் யாரிடமோ போனில், "ஆமாமா, மாப்பிள்ளை இருக்காரு. கூடவேதான் இருப்பாரு" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

"இல்ல சார்" என்றான். "வேற ஆளப் பாத்துக்கங்க."

போனை மேடைமேல் வைத்தான். வெளியே ஏதோ வண்டி வந்து நின்று, இந்த வீடு இல்லையென்று தெரிந்து, போய்விட்டது.

மனைவி கையை நீட்டித் தட்டிலிருந்து ஒரு முட்டையை எடுத்தாள். முழுதாக வாயில் போட்டு மென்றாள். அழுதுகொண்டே இன்னொன்றை எடுத்தாள்.

"நேத்து மத்தியானம் சாப்பிட்டது" என்றாள், மன்னிப்புக் கேட்பவள் மாதிரி.

"சாப்பிடு."

மூன்றாவதைத் தின்றுவிட்டு மூக்கை உறிஞ்சினாள். "உப்பு பத்தல."

"அவருக்குன்னு போட்டது."

பையில் இன்னும் கொஞ்சம் கரு மீதி இருந்தது. அவன் அதைக் கிண்ணத்தில் பிழிந்து, உப்புப் போட்டுக் கலக்கி, விரல் நுனியால் தொட்டு ருசி பார்த்தான். இன்னும் ஒரு சிட்டிகை போட்டான். பிறகு ஓரத்தில் ஒதுக்கி வைத்திருந்த பிய்ந்த பாதிகளை ஒவ்வொன்றாக எடுத்து நிரப்பி அவளிடம் நீட்டத் தொடங்கினான்.