பல்பொடிக்குச் சொந்தக்காரர்

ஓசூர் ஷௌகத் அலியின் பல்பொடி 1954-இல் நன்றாகவே ஓடிக்கொண்டிருந்தது. கிராம்பு, கடுக்காய், படிகாரம், உப்பு எல்லாவற்றையும் இடித்துச் சலிப்பது அவர் மனைவி காத்தூன். பச்சைக் காகிதத்தில் பொட்டலம் கட்டிச் சந்தை சந்தையாக விற்பது அவர். பொட்டலத்தின் மேல் கொட்டை எழுத்தில் ஒரே ஒரு சொல்: 'பல்பொடி'.

மாங்காய்க் காலத்தில் ஒருநாள் தளி சந்தையில் அவருக்கு எதிரே ஒரு புது ஆள் கடை விரித்தார். கிருஷ்ணகிரி வெங்கடப்பன். அவர் பொட்டலம் மஞ்சள். மேலே அதே சொல்.

"என் பேரத் திருடிட்டான் காத்தூன்!" என்று வீட்டுக்கு வந்து குதித்தார் ஷௌகத் அலி.

"உங்க பேரு ஷௌகத் அலி இல்ல?" என்றாள் அவள், சல்லடையைத் தட்டியபடி.

அவருக்கு அது காதில் ஏறவில்லை. மறுநாளே பஸ் பிடித்துக் கிருஷ்ணகிரிக்குப் போய், வக்கீல் கோவிந்தன் முன்னால் உட்கார்ந்தார். அந்தச் சொல்லைத் தன் பேருக்குப் பதிந்துவிட வேண்டும், வேறு எவனும் அச்சடிக்கக் கூடாது.

"பாய், பல்பொடியப் பல்பொடின்னு சொல்லாம அந்த ஆளு வேற என்னன்னு சொல்லி விப்பாரு?"

"என்னமோ சொல்லிக்கட்டும் சார். நான்தான் மொதல்ல போட்டேன்."

வக்கீல் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். ஷௌகத் அலி நகரவில்லை. மனு பம்பாயில் இருந்த வியாபாரக் குறிப் பதிவு ஆபீஸுக்குப் போனது. பதில் வந்தது: அது பொருளின் பெயர், அந்த வியாபாரம் செய்கிற எல்லோருக்கும் வேண்டிய சொல், ஒருவருக்கு மட்டும் எழுதிக் கொடுக்க முடியாது.

ஷௌகத் அலி ஒரு வழி கண்டுபிடித்தார். "கன்னடத்துல போடலாம் சார். 'ஹல்லுப்புடி'. பம்பாய்க்காரங்களுக்கு என்ன தெரியப் போவுது?"

வக்கீல் சிரித்துக்கொண்டே எழுதி அனுப்பினார். இந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று கேட்டுப் பதில் வந்தது.

"என்ன எழுதட்டும் பாய்?"

ஷௌகத் அலி குரலைத் தாழ்த்தினார். "மாத்தி எழுதக் கூடாதா?"

"கூடாது."

"அப்போ... பல்பொடின்னு எழுதுங்க."

அதுவும் ஆகாது என்று வந்துவிட்டது. "தெலுங்குல..." என்று ஆரம்பித்தவரைப் பார்த்து வக்கீல் கையெடுத்துக் கும்பிட்டார்.

முகம் தொங்கி வெளியே வந்தால், வாசல் பெஞ்சில் வெங்கடப்பன் உட்கார்ந்திருந்தார்.

"நீங்க எங்க இந்தப் பக்கம்?"

வெங்கடப்பன் நெளிந்தார். "ஓசூர் பாய் ஒருத்தரு என் பேர எடுத்துக்கிட்டாருன்னு சொல்ல வந்தேன்."

ஷௌகத் அலிக்கு முதலில் கோபம்தான் வந்தது. அதற்குப் பின்னாலேயே சிரிப்பு வந்து அதைத் தள்ளிவிட்டது. "உள்ள போவாதீங்க. ரெண்டு தடவ கேட்டுட்டேன். வாங்க, டீ குடிக்கலாம்."

அடுத்த சந்தையன்று தளியில் சாரல். தன் பெரிய கறுப்புக் குடையை மூங்கிலில் கட்டி, அதன் கீழ் ஷௌகத் அலி கடை வைத்திருந்தார். செல்லி என்ற பூக்காரப் பெண் வெங்கடப்பனின் மஞ்சள் பொட்டலத்தைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்தாள்.

"இது வேணாங்க. கொடக்காரரு பொடிதான் வேணும். எல்லாத்துலயும் ஒரே எழுத்துதான், ஆனா அதுலதான் பல்லு கூசறதில்ல."

வெங்கடப்பன் எதிர்க்கடையைக் கைகாட்டினார். அவள் போனதும் நனைந்தபடியே வந்து குடைக்குள் நுழைந்து, அவள் சொன்னதை ஒளிக்காமல் சொன்னார். ஷௌகத் அலிக்கு அவரை அதற்கு முன் அவ்வளவு பிடித்ததில்லை.

வீட்டில் காத்தூனிடம் சொன்னார்.

"அப்போ 'கொட'ன்னே வைங்க."

"பல்லுக்கும் கொடைக்கும் என்ன சம்பந்தம்?"

"ஒண்ணுமில்ல. அதனாலதான் சொல்றேன். ஆனா மனுவுல என் பேருதான் இருக்கணும். இடிக்கிறது நான், இருமுறது நான்."

ஷௌகத் அலி போய் அதைச் சொன்னதும் வக்கீல் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டார். "சரியாச் சொன்னாங்க! கொட விக்கிறவனுக்குக் 'கொட'ங்கிற வார்த்தையத் தர மாட்டாங்க. பல்பொடி விக்கிறவங்களுக்குத் தருவாங்க. இத ஏன் பாய் மொதல்லயே அவங்களக் கேக்கல?"

அடுத்த வருஷம் பதிவு ஆகி வந்தது. 'குடை மார்க்' காத்தூனுக்கே. 'பல்பொடி' என்ற சொல்லில் மட்டும் அவளுக்குத் தனி உரிமை கிடையாது என்று ஒரு வரி. காத்தூன் தன் பெயர் உள்ள இடத்தை இரண்டு முறை வாசிக்கச் சொல்லிக் கேட்டாள். பிறகு உலக்கையை எடுத்துக்கொண்டாள். அன்று இடித்த சத்தம் தெருவுக்கே கேட்டது.

வெங்கடப்பன் மாம்பழத்துக்குப் பேர்போன கிருஷ்ணகிரிக்காரர் இல்லையா, 'மாம்பழம்' என்று மனுப் போட்டார்.

புதுப் பொட்டலத்தில் குடைப் படத்துக்குக் கீழே காத்தூனின் பெயர் அச்சாகியிருந்தது. சந்தையில் எழுத்துக் கூட்டிப் படித்த ஒருவர் கேட்டார்:

"காத்தூன்னு போட்டிருக்கே, அது யாரு பாய்?"

ஷௌகத் அலி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

"எங்க மொதலாளி."