ஒர்னெல்லாவின் உதடுகள்

தடை செய்து, பிரதிகளை எரித்த பேய்ப் படம் அது. நாற்பத்தைந்து வருடம் கழித்து, தப்பிய ஒரு பிரதியைப் புதுப்பித்து, ரோமில் திரையிட்டு, என்னையும் மேடையில் உட்கார வைத்துவிட்டார்கள். நடித்தவள் ஒர்னெல்லா. அவளுக்காக அலறியவள் நான். அன்று எங்கள் படங்களில் படப்பிடிப்பின்போது குரல் பதிவதில்லை; எல்லோருக்கும் பிறகு டப்பிங்தான்.

"அந்த அலறலை எப்படிம்மா பண்ணீங்க?" என்று தாடிக்காரன் ஒருவன் கேட்டான்.

உண்மையைச் சொன்னேன். நெருப்புக் காட்சியில் அவள் உதடுகள் வசனத்தில் இல்லாததைச் சொல்லின. டைரக்டரின் பெயரும் அதில் இருந்தது: "கொர்ராதோ, போதும், கை எரியுது."

ஒலிப்பதிவாளரிடம் காட்டினேன். "உன்னை யாரு உதட்டைப் படிக்கச் சொன்னா? அவ வாய மூடுற வரைக்கும் கத்து" என்றார். ஒரே டேக்கில் கத்தினேன். கச்சிதமாகப் பொருந்தியது.

வெந்த கையோடு ஒர்னெல்லா அப்புறம் நடிக்கவே இல்லை. கேட்டவர்களிடமெல்லாம், நிறுத்தச் சொல்லிக் கெஞ்சினேன் என்று சொன்னாள். படத்தில் அலறல்தானே கேட்கிறது என்றார்கள். போன குளிர்காலத்தில் செத்துப்போனாள்.



"இனி அந்த சீன் இன்னும் பயமா இருக்கும்," என்றான் தாடிக்காரன். "ஒரே ஒரு தடவை பண்ணிக் காட்டுங்களேன்."

மைக்கை வாங்கினேன். "கொர்ராதோ, போதும், கை எரியுது" என்றேன்.

"அது இல்லம்மா. அந்த அலறல்."

கத்தினேன். எழுந்து நின்று கைதட்டினார்கள்.