ஃப்ளாக்ஸ் பூத்து முடியும்வரை

பின்சுவரில் தொங்கும்போதே அருண்பாண்டியின் சட்டை கம்பியில் மாட்டிக் கிழிந்தது. கிழியட்டும் என்று குதித்தான். மணி பதினொன்று பத்து. மனைவி ஆர்த்திகா லேபிலிருந்து சாப்பாட்டுக்கு வர மதியம் ஒரு மணி ஆகும். ஆனால் வாடிப்பட்டி மில்லில் அவன் வாங்கியிருந்த பெர்மிஷன் பன்னிரண்டரையோடு சரி.

பாத்திக்கு ஓடி மண்டியிட்டான். மூன்று நாள் வரவில்லை. அதற்குள் பாதிக் கொத்துகள் வாடி, அடியில் விதைக்காய் திரண்டிருந்தது. விதை முற்றிவிட்டால் ஃப்ளாக்ஸ் செடி தன் வேலை முடிந்ததென்று காய்ந்துவிடும். வாடியதை உடனுக்குடன் கிள்ளினால்தான் அடுத்த மொட்டு. இரண்டு கையாலும் கிள்ளினான். குளிர்காலத்துப் பூ, இந்த வெயிலுக்கு மாசி தாண்டுவதே அதிகம். சித்திரை பிறக்க இன்னும் ஒரு வாரம்தான். செடி தாங்க வேண்டும்.

விதைத்தவன் அவன்தான், ஐப்பசியில். அடுத்த மாதமே ஆர்த்திகாவுக்குக் கரு கலைந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து போனில் பதினொரு முறை கூப்பிட்டாள். அவன் எடுக்கவில்லை. ஷிஃப்டில் இருந்தேன் என்றான். சீட்டாடிக்கொண்டிருந்தது அவளுக்குத் தெரிந்துபோயிற்று. அதற்கப்புறம் வீட்டில் பேச்சில்லை. தையில் ஒரு காலை, வீம்புக்கு, வக்கீல் தந்த விவாகரத்துப் பேப்பரை மேஜையில் வைத்துப் பேனாவையும் நீட்டினான். அவள் சன்னல் வழியே பாத்தியைப் பார்த்தாள். சிவப்பும் வெள்ளையுமாக அன்றுதான் முதல் பூக்கள்.

"இது பூத்து முடியட்டும். போட்டுர்றேன்."

அன்றே சாவியைக் கொடுத்துவிட்டுக் கிளம்பினான். வாடிப்பட்டி வாடகை அறையில் முதல் ராத்திரியே தெரிந்துவிட்டது, அந்தக் கையெழுத்து தனக்கு வேண்டாமென்று.

"ஏந்தம்பி, இன்னைக்குச் சட்டையும் போச்சா?"

கை நின்றது. பக்கத்து மாடியில் மைதீன் பீவி, ஈரத்துணியை உதறிக்கொண்டிருந்தாள்.

"பீவிம்மா... அவகிட்டச் சொல்லிறாதீங்க."

"எத்தன நாளா வாரே?"

"மாசியிலருந்து."

"அம்புட்டு நாளும் செவரேறியா? எங்க வீட்டுப் பூனை ஒன்னையவிட அழகாக் குதிக்கிது."

அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. "விட்டா இது செத்துரும் பீவிம்மா. செத்துருச்சுன்னா அவ கையெழுத்துப் போட்டுருவா."

மைதீன் பீவி துணியைக் கொடியில் போட்டாள். கிளிப்பை மாட்டினாள். அவசரமே இல்லை.

"பூ தன்னைத் தானே கிள்ளிக்கிறாதுன்னு அவளுக்குத் தெரியாதாக்கும். முன் கேட்டு பக்கம் ஒரு நாளாச்சும் போய்ப் பாத்தியா நீ?"

"எதுக்கு?"

"ஒரு மாசமா அவ அதப் பூட்டுறதே இல்ல. பதினோரு மணிக்கு ஆளு வரும், சத்தம் போட்டுறாதீங்கம்மான்னு எங்கிட்டச் சொல்லிட்டுத்தான் தெனம் வேலைக்குப் போறா."

அருண்பாண்டி வீட்டைச் சுற்றி முன்பக்கம் வந்தான். கேட்டில் கொண்டி மட்டும் போட்டிருந்தது. உள்பக்கத் திட்டின் மேல் வெயிலில் கிடந்தது பூட்டு, சாவி செருகியபடியே.