கயிலைக்குப் போன இடுப்புத்துணி

மார்கழியிலும் வேர்க்கிற காரைக்காலில் ஸ்வெட்டர் விற்கத் தனித் தைரியம் வேண்டும். பைலகுப்பே திபெத்தியர் குடியிருப்பிலிருந்து வருஷா வருஷம் வந்து பாரதியார் சாலையில் கடை போடும் யாங்செனுக்கு அது நிறையவே உண்டு. இந்த வருஷம் அவள் முன்னால் போய் நிற்க, திருநள்ளாறில் லாட்ஜ் நடத்தும் அமுதத்துக்குத்தான் தைரியம் வரவில்லை.

போன மார்கழியில், கயிலாயம் போகப்போவதாக அமுதம் சொன்னதும், யாங்சென் தன் செத்துப்போன அம்மாவின் இடுப்புத்துணியைக் கொண்டுவந்து கொடுத்திருந்தாள். சேலைக்கு முன்றானை மாதிரி அவர்கள் உடைக்கு அது. கோடு கோடாக நெய்த கம்பளி. மலையைச் சுற்றும் வழியில், உச்சிக் கணவாயில் அதை வைத்துவிட்டால் செத்தவருக்கு நல்ல கதி கிடைக்குமாம். அகதி அட்டைக்காரியான யாங்சென் அங்கே போக வழியில்லை.

காரைக்கால் அம்மையார் தலையாலேயே நடந்து போன மலை. அந்த ஊர்க்காரி அமுதத்தால் காலால்கூட ஏற முடியவில்லை. சுற்றத் தொடங்கிய முதல் நாளே மூச்சு முட்டி, உதடு நீலம் பாரித்து, திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

ஒருவழியாகக் கடைக்குப் போய், உட்காராமலே சொன்னாள்.

“மன்னிச்சுக்க யாங்சென். கணவாய் வரைக்கும் என்னால போவ முடியல.”

யாங்சென் கையிலிருந்த ஸ்வெட்டரை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

“அம்மா துணி எங்கக்கா?”

“வழியில உங்க ஊர்ப் பொம்பள ஒருத்தி விழுந்து கும்பிட்டு, எழுந்து, திரும்ப விழுந்து, அப்புடியே மலையச் சுத்திக்கிட்டு வந்தா. அவகிட்ட கொடுத்துட்டேன். பாஷை தெரியல. மேல கையக் காட்டி ‘அம்மா’ன்னேன். தானமா குடுக்குறேன்னு நெனச்சிட்டாளோ என்னவோ, வாங்கி இடுப்புல கட்டிக்கிட்டா.”

“கட்டிக்கிட்டு விழுந்து கும்பிட்டாங்களா?”

“ஆமா. கண்ணுக்கு மறையிற வரைக்கும் பாத்துக்கிட்டே நின்னேன். ஒவ்வொரு தடவையும் துணி மண்ணுல பொரண்டுச்சு. பாழாப் போவுதேன்னு எனக்கு மனசே ஆறல.”

யாங்சென் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அமுதம் பதறிப்போய் அவள் தோளைப் பிடித்தாள்.

“அப்படி விழுந்து விழுந்து சுத்தணும்னுதான் எங்கம்மா சாவுற வரைக்கும் கேட்டாங்க. நான் துணியைத்தான் வைக்கச் சொன்னேன். நீங்க எங்கம்மாவையே சுத்த வெச்சிட்டீங்கக்கா.”