சுவருக்கு அந்தப் பக்கம்

குழலிக்கு எட்டு வயது. மூளை முடக்குவாதத்தால் கைகால் விறைத்து, பேச்சும் வரவில்லை. தென்காசிப் பயிற்சி மையத்தில் ஜெயபிரியா டீச்சர் அவளுக்குக் கண்ணாலேயே பேசப் பழக்கியிருந்தாள். அட்டை நிறையப் படங்கள். குழலி எதை உற்றுப் பார்க்கிறாளோ, அதுதான் அவள் சொல்லும் வார்த்தை.

குற்றாலத்தில் சாரல் தொடங்கிய வாரம், மேலகரத்து வீட்டில் ஒரு சாயங்காலம் அவள் ‘தம்பி’ படத்தையே பார்த்தாள். பிறகு சுவரைப் பார்த்துச் சிரித்தாள்.

அம்மா உமாராணி அட்டையைச் சட்டென்று கவிழ்த்தாள். குழலியோடு இரட்டையாகப் பிறந்த ஆண்பிள்ளை ஆஸ்பத்திரியிலேயே போய்விட்டது. அதை யாரும் குழலியிடம் சொன்னதில்லை.

மறுநாளும் அதே படம், அதே சுவர். அதற்கடுத்த நாள் சுவரில் சத்தம் கேட்டது. டொக்... டொக்... குழலி குலுங்கிச் சிரித்தாள். பக்கத்து வீடோ பூட்டிக் கிடந்தது.

“மந்திரிச்சிட்டு வரட்டுமா டீச்சர்?” மையத்தில் உமாராணி கேட்டாள்.

“அது இருக்கட்டும் யக்கா. பிள்ள ஒண்ணு சொல்லுதா. பேசுத பிள்ள சொன்னா போயிப் பாப்பீங்கள்லா?”

அந்தக் கேள்வி தைத்தது. வெள்ளிக்கிழமை மறுபடி சத்தம் கேட்டதும் உமாராணி வெளியே ஓடினாள். பக்கத்து வீட்டில் பூட்டைக் காணோம். தட்டினாள். ஒரு பெண் கதவை ஒருக்களித்துத் திறந்தாள்.

“உள்ள யாரு சொவத்தத் தட்டுதது?”

“யாருமில்ல. நான் மட்டுந்தான்.”

உள்ளே டொக் என்றது. உமாராணி அவளைத் தாண்டிப் போனாள். இருட்டறையில், பாயில் ஒரு சிறுவன். விறைத்த காலின் குதிகால் சுவரில் இடித்துக்கொண்டிருந்தது.

அந்தப் பெண், உலகம்மை, வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். “என்ன பாவம் செஞ்சேன்னு எங்க ஊரு கடையத்துல எல்லாரும் கேக்காவ. அதான் ஒருத்தருக்கும் சொல்லாம நேத்து இங்கன குடிவந்தோம்.”

“நேத்தா? அதுக்கு முன்ன இங்க யாரு இருந்தா?”

“ஒருத்தருமில்ல. பூட்டித்தான் கெடந்துச்சு.”

அப்படியானால் பூட்டிய வீட்டுக்குள்ளிருந்து அன்றைக்குத் தட்டியது யார்? அதற்குமேல் கேட்க உமாராணிக்குப் பயமாக இருந்தது. சிறுவனின் கழுத்துக்கடியில் கையைக் கொடுத்து, டீச்சர் காட்டித் தந்தபடி நிமிர்த்தி, மடியில் சாய்த்துக்கொண்டாள்.

“இப்படிப் படுக்கவே போட்டா நெஞ்சுல சளி கட்டிரும். திங்கக்கிழமை எங்ககூட வாங்க. பேரு என்ன?”

“தளவாய்.”

மையத்தில் அவனைப் பட்டை வைத்த நாற்காலியில் உட்கார்த்தினார்கள். டீச்சர் ஒவ்வொரு படமாகச் சொல்லிக் காட்டினாள். சில வாரம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு ஒருநாள் அவன் கண் ‘தண்ணீர்’ படத்தில் நின்றது. டம்ளரை வாயில் வைத்தார்கள். மடக்கு மடக்காகக் குடித்து, மறுபடி படத்தைப் பார்த்தான்.

உலகம்மை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். “தாகம்னுகூட எனக்குத் தெரியாமப் போச்சே யக்கா.”