எதிராளியைக் கூட்டி வந்தவள்

1

“வாயை மூடிக்கிட்டு உட்காருன்னு என்னைச் சொல்ல நீங்க யாருண்ணே?”

“தெருவுக்கே சேர்த்து நான்தானே பேசினேன்! கேட்டல்ல?”

“கேட்டேன். லாரி நிக்க இடமில்லைன்னீங்க, நாத்தமடிக்கும்னீங்க, வீட்டு விலை எறங்கும்னீங்க. என் வாசலைப் பத்தி ஒரு வார்த்தை?”

விசாரணை நடந்த அலுவலகத்தின் மாடிப்படியில், தூணுக்குப் பின்னால் நின்றபோது எனக்குக் கிடைத்த கதை இது. (ஒட்டுக் கேட்டேன் என்று சொல்லாதீர்கள். காது திறந்திருந்தது, அவ்வளவுதான்.)

கத்தியவள் தையல்காரி. பதிலுக்குக் கத்தியவர் எங்கள் தெரு ‘மைக்’. அணைக்கப் பொத்தான் இல்லாதவர். பெயின்ட் கடைக்காரர் தன் கிடங்கில் தின்னர் பீப்பாய்களை அடுக்க உரிமம் கேட்டிருந்தார். தின்னருக்கு ஒரு பொறி போதும். ஆட்சேபணை உள்ளவர்கள் விசாரணைக்கு வந்து சொல்லலாம் என்றது அலுவலகம். ஆளாளுக்குக் கத்தினால் காரியம் கெடும், ஒருவரே பேசட்டும் என்று தெரு கூடி முடிவெடுத்தது. இருக்கிறதிலேயே சத்தமான வாயைத் தேர்ந்தெடுத்தோம். எங்கள் தெருவுக்கு வாய்த்த மூளை அப்படி.

2

இந்தக் கதையை முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘அந்தி வெயிலில் கிடங்கின் தகரக் கூரை பொன்னாக—’

வேண்டாம். தகரம் தகரம்தான்.

தையல்காரி வீட்டுக்கு ஒரே வாசல். அது கிடங்குச் சந்தில் திறக்கிறது. கிடங்கு பற்றிக்கொண்டால் தெருவே எதிர்ப்பக்கம் ஓடும். அவள் மட்டும் நெருப்பைப் பார்த்து ஓட வேண்டும், இடுப்பொடிந்த புருஷனைச் சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு. இதைச் சொல்லத்தான் வந்தாள். கையைத் தூக்கியபோதெல்லாம் மைக் கண்ணாலேயே அமர்த்தினார்.

(வேண்டுமென்றேவா? இந்தப் பாத்திரத்தின் மேல் எனக்கே நம்பிக்கையில்லை. கடைசியில் ஒரு சேதி சொல்கிறேன், நீங்களே கூட்டிக் கழித்துப் பாருங்கள்.)

3

சாப்பாட்டுக்கு எழுந்து வந்த அதிகாரி அம்மாவைத் தையல்காரி மறித்தாள்.

“மேடம், நான் பேசவே இல்லை.”

“உங்க தரப்பைக் கேட்டாச்சும்மா.”

“தரப்புக்கு இடுப்பு ஒடியல மேடம். என் வீட்டுக்காரருக்குத்தான்.”

அதிகாரி கொஞ்சம் தயங்கினார். “கடைக்காரர் கிளம்பிட்டாரே. அவர் முதுகுக்குப் பின்னால உங்களைக் கேட்டா, அது அவருக்கு அநியாயம்.”

“அவர் வந்தா கேப்பீங்களா?”

“கேப்பேன்.”

என் கையில் விட்டிருந்தால் இந்த இடத்தில் அவளை அழவைத்திருப்பேன். அவளோ தடதடவென்று படியிறங்கினாள். வாசலில் ஸ்கூட்டரில் ஏறப்போன கடைக்காரரின் சாவியை உருவினாள்.

“அண்ணே, மேலே வாங்க. உங்களுக்கு எதிரா பேசணும்.”

“அதுக்கு நான் எதுக்கும்மா?”

“நீங்க இல்லாம பேசக் கூடாதாம்.”

“என்னை வெட்ட நானே அருவா எடுத்துக் குடுக்கணுமா?”

“சாவி என்கிட்ட இருக்கு.”

வந்தார். (நம்பும்படியாக இல்லை, மாற்றிவிடலாம் என்று பார்த்தேன். நடந்ததை மாற்ற மனசு வரவில்லை.)

4

கதவைச் சாத்திவிட்டார்கள். தூணுக்குப் பின்னாலிருந்த என் காதுக்கு ஒன்றும் எட்டவில்லை.

வெளியே வந்தபோது கடைக்காரர் முகம் ஒரு மாதிரி இருந்தது. “அப்படி ஒரு வாசல் இருக்கறதை நான் கவனிச்சதே இல்லையேம்மா.”

“தினம் அதைத் தாண்டித்தானேண்ணே கிடங்கைத் திறக்கறீங்க?” என்று சாவியை நீட்டினாள்.

முடிவைப் பிறகு சொல்வதாக அதிகாரி சொல்லிவிட்டார். நானும் இரண்டு முடிவு எழுதிப் பார்த்தேன். ஒன்றில் உரிமம் இல்லை என்றாகிவிட, தையல்காரி நிம்மதியாக— இன்னொன்றில் உரிமம் கிடைத்து, ஒரு மத்தியானம் யாரோ பீடியை— 

இரண்டையும் கிழித்துப் போட்டேன்.

நான் சொல்வதாகச் சொன்ன சேதி: மைக்கின் மகளுக்கும் கடைக்காரர் மகனுக்கும் கல்யாணம் முடிந்தது. பேச்சு தொடங்கியது விசாரணைக்கு முன்பா பின்பா என்று துருவிக்கொண்டிருக்கிறேன். மைக் மகள், மருமகனோடு வேறு ஊருக்குப் போய்விட்டார். தெருவில் இப்போது அவரவர் வாயால் அவரவர் பேசுகிறோம், காது கிழிகிறது.

தையல்காரி எங்கும் போகவில்லை. முடிவும் வரவில்லை. கிடங்கு பூட்டிக் கிடக்கிறது. உள்ளே பீப்பாயா வெறுந்தரையா, தெரியாது. அந்தப் பக்கம் போனால் ஒருமுறை மோந்து பார்த்துவிட்டு மீதியை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். சத்தம் போடாமல் போங்கள். அவள் மெஷினை வாசலைப் பார்க்கத் திருப்பிப் போட்டிருக்கிறாள். காலடி கேட்டால் தையலை நிறுத்திவிட்டு, முதலில் புருஷனின் சக்கர நாற்காலியைத்தான் பிடிக்கிறாள்.